அடியில் பாடுகிறவள்

— விசிறியை நிறுத்து, ராண்டெல். பாட்டை முதல்லேருந்து போடு.

— நிறுத்துனா வெந்து செத்துருவோம். இப்ப நீ பாடப்போறதில்ல யுதெல்கா, கேக்கத்தான் போற. ஹெட்ஃபோனை மாட்டு.

— மாட்டித்தான் கேட்டேன். எக்கோவைக் குறைன்னு நேத்தே சொன்னேன். கிணத்துக்குள்ள விழுந்தவ கத்துற மாதிரி இருக்கு.

— எக்கோ இல்லாம உன் குரலை எவன் கேப்பான்? சாந்தோ தொமிங்கோவுல எந்த மூலைக்கடைக்கு வேணா போ. ஸ்பீக்கர்ல வெறும் குரல் ஒண்ணு காட்டு பாப்போம்.

— எக்கோ கிடக்கட்டும். என் குரலுக்கு அடியில ஒருத்தி பாடுறாளே, அவ யாரு?

— யாரும் இல்ல. உன் குரலைத்தான் ரெண்டாப் போட்டிருக்கேன். எல்லா ராப்புலயும் செய்றதுதான். தடிப்பாக் கேக்கும்.

— என்கிட்டயே கதை விடாத. நான் மூச்சு விடாத இடத்துல அவ மூச்சு விடுறா. கடைசி வரியில சிரிக்கிறா. நான் சிரிக்கவே இல்ல.

— உனக்குச் சிரிக்க வேற தெரியுமா?

— மார்லெனியா? நான் அம்மா வீட்டுக்குப் போயிருந்தப்ப, நீ ரெக்கார்டிங் பண்ற நம்ம துணி அலமாரிக்குள்ள நின்னு பாடிட்டுப் போனாளாமே.

— அவ பாடுனது செருப்பு விளம்பரத்துக்கு. நீ சந்தேகப்பட்டே சாவப்போற.

— நான் எழுதுன பாட்டுல, கண்டவ வாயைத் தெச்சு வெச்சிருக்க. இது சாயங்காலம் ரேடியோவுக்குப் போகாது. கம்ப்யூட்டரை இங்க தள்ளு.

— தொடாதடி. செஞ்ச வேலை எல்லாம் போயிரும்.

— போகட்டும். இதுல அவ எது?

— கீழ, அந்த நீலக் கோடு. தொலை.

— என் குரலை அமுக்கிட்டேன். எக்கோவையும் எடுத்துட்டேன். இப்ப தனியாப் பாடட்டும்.

— கேளு. நல்லாக் கேளு.

— நல்லாத்தான் பாடுறா. எவனுக்கும் பயப்படாமப் பாடுறா. எங்க புடிச்ச இவளை?

— உன் தம்பி செல்ஃபோன்ல. அது நீதான்டி. இதே பாட்டு, என்னைக் கட்டிக்குறதுக்கு முன்னாடி உங்க மொட்டைமாடியில பாடுனது. வெட்டி வெட்டித் தாளத்துல ஒட்டுனேன். இப்ப உன் குரல்ல ஒண்ணுமே இல்ல. வேற என்ன செய்யச் சொல்ற?

— மேல இருந்தவளை அழிச்சுட்டேன். இவளை மட்டும் அனுப்பு. இவ இன்னும் உன்னைக் கட்டிக்கல.