தங்கத்தின் குரல்

எங்கள் வீட்டில் பாதிச் சமையல் என் கைதான், ஐயா. வெங்காயம் உரித்தால் தங்கத்துக்குக் கண் எரியும். அதையும் நானே உரித்துவிடுவேன்.

அவளைக் கட்டிக்கொண்டபோது சிங்கப்பூர் சிராங்கூன் ரோட்டில் எங்களுக்கு வீடு தர ஆளில்லை. நாடகக் கம்பெனியில் அவள் நாயகி, நான் ஆர்மோனியம். மேடையில் அவளுக்குக் கைதட்டியவர்கள் தெருவில் கண்டால் காறித் துப்பினார்கள். கடைசியில் ஒரு வீடு கிடைத்தும், எதிர்வீட்டு மங்களம் அம்மாள் அவள் தலை தெரிந்தாலே ஜன்னலைச் சாத்துவாள். கூத்தாடிக்குத் தாலி கட்டினேன் என்று என் அண்ணன் பேச்சை நிறுத்தினார். நான் வருந்தவில்லை. “நீங்க இல்லாட்டி எனக்கு யாருங்க இருக்கா” என்பாள் தங்கம். அது எனக்குப் போதுமாக இருந்தது. வீட்டில் பாடாதே என்றேன். பாடவில்லை.

பிறகு பேசும் படம் வந்தது. திரையில் பாடியவர்களும் இவளைப்போல மேடையிலிருந்து போனவர்கள்தான். ஆனால் அவர்கள் முகத்தைக் காலண்டரில் போட்டுக் கூடத்தில் மாட்டினார்கள். அவர்கள் கட்டிய மாதிரிச் சேலை வேண்டுமென்று குடும்பப் பெண்கள் ஜவுளிக்கடையில் நின்றார்கள். மங்களம் அம்மாள் வெற்றிலை பழத்தோடு எங்கள் வீட்டுக்கே வந்தாள்.

“தங்கம், படத்துல வர்ற அந்த ஊஞ்சல் பாட்டை என் மகளுக்குச் சொல்லிக் குடும்மா.”

தங்கம் பாடினாள். இத்தனை வருஷம் கழித்தும் சுருதி விலகவில்லை. வெளியே தெருவே நின்று கேட்டது.

அந்தப் பேச்சு பரவி, மதராஸ் படக் கம்பெனியின் ஏஜெண்டு ஜமால் முகம்மது தேடி வந்தார். பாடச் சொல்லிக் கேட்டார். அடுத்த கப்பலில் வரச் சொன்னார். அவள் என்னிடம் கேட்கவில்லை, ஐயா. சொன்னாள்.

“நான் போறேங்க. நீங்களும் வாங்க. ஆர்மோனியத்துக்கு ஆள் வேணுமாம், உங்களுக்கும் சேர்த்துச் சொல்லியிருக்கேன்.”

சிரித்துக்கொண்டே சொன்னாள். எனக்கு அவள் வேலை வாங்கித் தருகிறாள்.

சிந்தூரம் உள்ளே போனால் குரல் போகும் என்பது நாடகக்காரர்கள் எல்லோருக்கும் தெரியும். வாங்கிவந்து மிளகுப் பாலில் கலந்தேன். நிறம் தெரியாமலிருக்கக் குங்குமப்பூ போட்டேன். ஒரேயடியாகக் கொடுக்கவில்லை, உயிருக்கு ஏதும் ஆகிவிடக் கூடாதே. தினமும் கொஞ்சம்.

“இரும்பு வாடை அடிக்குதுங்க” என்றாள்.

“பாடப் போறவ, தொண்டையைப் பார்த்துக்க வேணாமா” என்று தலையைத் தடவிக் குடிக்க வைத்தேன்.

வாய் வெந்து, பல் ஆடி, ரத்தமாகத் துப்பியபோது துடைத்துவிட்டதும் நான்தான். ஒரு காலையில் வாயைத் திறந்தாள், காற்று மட்டும் வந்தது. கப்பல் அவளில்லாமல் போனது.

பக்கத்து வீட்டு ஆமினா பீவி டம்ளர் அடியில் சிவப்பைப் பார்த்து, போலீஸ் ஸ்டேஷனுக்கு வந்து உங்களிடம் சொன்னாராம். அவர் சொன்னது உண்மைதான். ஆனால் தெருவிலும் விசாரியுங்கள். இப்படியொரு புருஷன் யாருக்குக் கிடைப்பான் என்று மங்களம் அம்மாளே சொல்வாள். வேண்டுமானால் தங்கத்தையே கேளுங்கள். அன்றிலிருந்து இன்றுவரை அவள் என்னைப் பற்றி ஒரு வார்த்தை குறை சொன்னதில்லை.