துரை ஊர் நூலகம்

கெர்லிங்கில் பஸ்ஸை நிறுத்தி, காட்டிலிருக்கும் கம்யூனிஸ்டுகளுக்கு அரிசி போகிறதா என்று பட்டாளத்தார் சோதித்தார்கள். வரிசையில் எனக்கு முன்னால் ரப்பர் தோட்டத்தில் கணக்கெழுதும் ஒரு கிராணியும், அதே தோட்டத்தில் பால்மரம் வெட்டுகிறவரும் நின்றிருந்தார்கள்.

“நம்ம வெள்ளக்காரத் தொர ஊரு லைப்ரரி நானூறு வருசப் பழசாம். நம்ம ஓலைச்சுவடியக்கூட கண்ணாடிப் பெட்டியில வச்சிருக்காங்களாம். பூச்சி அரிக்காம பாத்துக்கத் தனி ஆளு இருக்காம்,” என்றார் கிராணி.

“லயத்து வீட்டுல நாங்க வச்சிருந்த புஸ்தகத்த எரிக்கச் சொன்னதும் அதே தொரதான?”

“செவப்புத் துணியில கட்டி வச்சிருந்தீங்க. கம்யூனிஸ்ட் புஸ்தகம்னு நெனச்சுட்டாரு லா.”

“சாமி புஸ்தகத்த செவப்புத் துணியிலதான கட்டுவோம்? அவருக்குத் தெரியாது, சரி. உங்களுக்குத் தெரியுமே, கிராணியாரே. மண்ணெண்ணெ ஊத்துனது நீங்கதான?”