இரண்டாம் புட்டியின் கம்பி

இந்த வாக்குமூலத்தின் தலைப்பில் குறிக்கப்பட்டுள்ள பெயரும் முகவரியும் என்னுடையவையே. எனக்கு வயது எழுபத்து நான்கு. மறைநூல்களுக்கும் பழம்பாடல்களுக்கும் பொருள் விரித்துச் சொல்வது என் தொழிலாக இருந்தது; இப்போது ஓய்வில் இருக்கிறேன். மேற்படி முகவரியில் முதல் மாடியில் என் மகனோடும் மருமகளோடும் வசித்து வருகிறேன். மகன் அச்சகத்தில் இயந்திரம் ஓட்டுகிறான். மருமகள் பல் மருத்துவர் ஒருவரிடம் உதவியாளராகப் பணிபுரிகிறாள். கண்ணில் காயம்பட்டு மருத்துவமனையில் இருப்பவர் எங்கள் வீட்டுக்காரர், கீழ்த்தளத்தில் குடியிருப்பவர். யாரும் அழைக்காமல் நானாகவே இன்று காலை காவல் நிலையத்துக்கு வந்து இதைச் சொல்கிறேன்.

நேற்று என் மகனுக்கும் மருமகளுக்கும் திருமணமாகிப் பத்தாண்டு நிறைவு. அதற்காக மருமகள் வீட்டிலேயே பழங்கள் போட்ட ஒயின் பானம் ஒன்று தயாரிக்க விரும்பி, நுரைத்துப் பொங்கும் வகை வெள்ளை ஒயின் இரண்டு புட்டிகள் வாங்கி வந்து குளிர்சாதனப் பெட்டியில் வைத்திருந்தாள். நான் மதுவைத் தொட்டதில்லை. அரசனும் புலவனும் ஒரே கலத்தில் தேறலைப் பகிர்ந்துகொண்ட பாடல்களுக்கு மேடையேறிப் பொருள் சொல்லியிருக்கிறேனே அன்றி, மதுப்புட்டி ஒன்றை நேற்று வரை கையில் எடுத்தவனல்லன். ஆயினும் பிள்ளைகளின் மகிழ்ச்சிக்குக் குறுக்கே நிற்க மனமின்றி, பழம் நறுக்குவதில் குற்றமில்லை என்று கூறி மதியத்திற்குப் பின் சமையலறையில் அமர்ந்தேன்.

மருமகள் என்னிடம், "ஆரஞ்சை வட்டமா வெட்டுங்க மாமா. கொட்டை ஒண்ணு கூட விடாதீங்க, கசந்துடும்" என்றாள். அவ்வாறே ஆரஞ்சை வட்டமாகவும், பேரிக்காயை மெல்லிய துண்டுகளாகவும், ஸ்ட்ராபெரியை இரண்டாகவும் நறுக்கி, மாதுளை முத்துக்களை உதிர்த்துக் கொடுத்தேன். அவள் அவற்றைப் பெரிய கண்ணாடிக் கிண்ணத்தில் இட்டு, சர்க்கரையும் எலுமிச்சைச் சாறும் சேர்த்து, மூடிக் குளிரில் வைத்தாள். எனக்கென்று ஒயின் சேராத பழச்சாற்றைத் தனிக் குவளையில் எடுத்து வைத்தாள்.

அதன் பிறகு மாலையில் வீட்டுக்காரர் வந்தார். அவரை அழைத்தவள் மருமகளே. காரணம் பின்வருமாறு. குளியலறைக் கூரை ஒழுகுவது பற்றி அவருக்கும் எங்களுக்கும் சில மாதங்களாகப் பேச்சு முற்றியிருந்தது. மாதம் தவறாமல் மேலேறி வந்து தண்ணீர் மீட்டரை உற்றுப் பார்ப்பவர் என்பதால் இக்கட்டடத்தில் அவருக்கு மீட்டர் என்றே பெயர். அவருக்கும் அது தெரியும். ஒழுக்கே இல்லை என்று அவர் சாதித்த ஒரு நாள், மாடிப்படியில் நின்று மருமகள், "சொட்டு சொட்டா ஒழுகுறது தெரியலன்னா அந்தக் கண்ணு இருந்தா என்ன சார், போனா என்ன?" என்றாள். அதை இரண்டு குடும்பத்தார் கேட்டிருக்கிறார்கள் என்பதும், அவர்கள் அதைத் தங்களிடம் சொல்லியிருக்கிறார்கள் என்பதும் எனக்குத் தெரியும். அவள் அவ்வாறு சொன்னது உண்மை. ஆனால் அதன் பிறகு அவர் ஆள் வைத்துக் கூரையைப் பூசிக் கொடுத்தார் என்பதும், அன்று மாலை அவள் தானே இறங்கிச் சென்று, "வாய் நீண்டுடுச்சு சார், மனசுல வச்சுக்காதீங்க" என்று கேட்டுக்கொண்டாள் என்பதும், அவர் சிரித்துக்கொண்டே, "விடும்மா, என் பொண்டாட்டி திட்டாததையா நீ திட்டிட்டே?" என்றார் என்பதும் அதே அளவுக்கு உண்மை. அதைக் கேட்க மாடிப்படியில் எவரும் நிற்கவில்லை. நான் மட்டும் உடன் சென்றிருந்தேன். அந்தச் சமாதானத்தின் பேரிலேயே நேற்று அவரை அவள் அழைத்தாள்.

நேற்று மாலை அவர் வந்து அமர்ந்ததும் முதல் புட்டியை மருமகள் திறந்தாள். கழுத்தில் சுற்றியிருந்த மெல்லிய தகட்டுத்தாளை உரித்து, கம்பியின் முறுக்கை அவிழ்த்து, தக்கையின் மேல் துண்டைப் போட்டு மூடி, புட்டியைச் சாய்த்து எவரும் இல்லாத சுவர்ப்பக்கம் நோக்கிப் பிடித்துத் திருகினாள். சிறு ஓசையுடன் தக்கை துண்டுக்குள்ளேயே வந்துவிட்டது. அவள் எப்போதும் அவ்வாறே திறப்பவள் என்று என் மகன் சொல்கிறான். பிறகு அதைக் கிண்ணத்தின் ஓரமாக மெல்ல ஊற்றினாள். என் மகன் ஆர்வ மிகுதியால் பெரிய கரண்டியை விட்டுக் கலக்கினான். "ஐயையோ, கலக்காதீங்க, குமிழெல்லாம் செத்துடும்" என்று மருமகள் சொல்வதற்குள் நுரை எழுந்து அடங்கிவிட்டது.

வீட்டுக்காரர் ஒரு குவளை பருகிவிட்டு, "என்னம்மா, பொங்கும்னு சொன்னே. நம்ம குழாய்த் தண்ணியே இதைவிடப் பொங்குமே" என்றார். "மீட்டர் போட்டுப் பாருங்க சார்" என்றான் என் மகன். எல்லோரும் சிரித்தோம். என்னைப் பார்த்து அவர், "ஐயா, நீங்க தொட மாட்டீங்க, தெரியும். கவலைப்படாதீங்க, உங்க பங்கையும் நானே பாத்துக்கறேன்" என்றார். எங்கள் வீட்டில் அவர் இவ்வளவு சிரித்து நான் கண்டது அதுவே முதல் முறை.

மருமகள் என்னிடம், "மாமா, ஃபிரிட்ஜ்ல இன்னொண்ணு இருக்கு, அப்படியே எடுத்துட்டு வந்துடறீங்களா?" என்றாள். நான் சமையலறைக்குச் சென்று இரண்டாம் புட்டியை எடுத்தேன். அப்படியே என்று அவள் சொல்லியிருந்தும், முதல் புட்டியில் அவள் உரித்ததைக் கண்டிருந்ததால், அவளுக்கு ஒரு வேலை மிச்சமாகட்டும் என்று தகட்டுத்தாளை உரித்துவிட்டு, முறுக்கை அவிழ்த்துக் கம்பியையும் கழற்றினேன். தக்கையைத் தொடவில்லை. பரிசுப் பொட்டலத்தில் நாடா கட்டுவது போல அழகுக்காகக் கட்டிய கம்பி அது என்று நினைத்தேன். அது எதையும் பிடித்துக்கொண்டிருக்கும் என்று எனக்குத் தோன்றவில்லை.

கம்பியைக் கையில் வைத்துப் பார்த்தபோது, உச்சியில் வட்டத் தகடும் கீழே நான்கு கால்களுமாக, சிறிய பீடம் போல இருந்தது. என் வழிபாட்டு அறை அலமாரியில் விரல் உயரமுள்ள இறைவடிவம் ஒன்று இருக்கிறது. விளக்கின் பின்னால் அது மறைந்துபோவதால், தாழ்ந்த பலகையில் அமரும் எனக்கு அதன் முகம் தெரிவதில்லை. ஆகவே புட்டியை அடுப்பருகே வைத்துவிட்டு அறைக்குச் சென்று, கம்பியை நிறுத்தி, அதன்மேல் அவ்வடிவத்தை வைத்தேன். சுடருக்கு மேலே முகம் தெரிந்தது. ஒரு பூவும் எடுத்து வைத்துச் சற்று நேரம் அங்கேயே நின்றேன். அடுப்பில் அப்போது வெந்நீர் கொதித்துக்கொண்டிருந்தது.

அதன் பிறகு சமையலறைக்குத் திரும்பிப் புட்டியை எடுத்தபோது அதன் ஒரு பக்கம் சூடேறியிருந்தது. வீட்டுக்காரர் பொங்கவில்லை என்று குறைபட்டது நினைவுக்கு வந்தது. என் இருமல் மருந்திலும் செரிமான மருந்திலும் சத்து அடியில் படிந்துவிடும். குலுக்கிய பின் பருகவும் என்று அவற்றின் மேல் அச்சிட்டிருக்கிறது. இதுவும் அவ்வாறே படிந்திருக்கும் என்று கருதி, மருந்தைக் குலுக்குவது போல நன்றாகக் குலுக்கினேன். இந்த இடத்தில் தாங்கள் எழுதுவதை நிறுத்திவிட்டு, "ஏன் ஐயா, இதைப் போயா குலுக்குனீங்க?" என்று கேட்டீர்கள். குலுக்கினேன்.

பிறகு கூடத்துக்குச் சென்று புட்டியை மருமகளிடம் கொடுத்தேன். வீட்டுக்காரர் அவளுக்கு எதிரே அமர்ந்து, கிண்ணத்தின் மேல் குனிந்து ஸ்ட்ராபெரித் துண்டு ஒன்றை முள்கரண்டியால் தேடிக்கொண்டிருந்தார். மருமகள் ஒரு கையில் புட்டியை வாங்கி, மறு கையால் துண்டை எடுக்கத் திரும்பியவள், புட்டியின் கழுத்தைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். "மாமா, இதுல கம்பி..." என்றாள். அதற்குள் வெடியோசை கேட்டது. தக்கை வீட்டுக்காரரின் இடக்கண்ணில் பட்டுத் தெறித்து, கிண்ணத்தில் விழுந்து, நான் நறுக்கிய ஆரஞ்சு வட்டங்களுக்கு நடுவே மிதந்தது.

அவர் "கண்ணு, கண்ணு" என்று கதறிக் கையால் அழுத்தினார். மருமகள் புட்டியைக் கீழே போட்டுவிட்டு அவர் கையைப் பிடித்து விலக்கி, "தேய்க்காதீங்க சார், அழுத்தாதீங்க, என்னைப் பிடிச்சுக்கோங்க" என்று சொல்லி, காகிதக் குவளை ஒன்றைக் கண்ணில் படாதபடி மேலே கவிழ்த்துப் பிடித்துக்கொண்டாள். ஆம்புலன்ஸ் வரும் வரை கையை எடுக்கவில்லை. அவள் உடை முழுதும் ஒயினில் நனைந்திருந்தது. அவரைக் கீழே இறக்கும்போது அவர் கூடியிருந்தவர்களிடம், "அன்னைக்கே என் கண்ணைப் பத்திப் பேசினாளே" என்றார். வலியில் சொன்னார் என்றே கருதுகிறேன்.

அதன் பிறகு காவலர்கள் வந்தார்கள். குப்பைத் தொட்டியைக் கவிழ்த்தார்கள். புட்டி இரண்டு, தகட்டுத்தாள் இரண்டு, கம்பி மட்டும் ஒன்று. முன்கூட்டியே கம்பியை நீக்கி, புட்டியைத் தயார் செய்து வைத்தாயா, மற்றக் கம்பி எங்கே என்று மருமகளைக் கேட்டார்கள். அவள், "நான்தான் கழட்டினேன், எங்கே போட்டேன்னு ஞாபகம் இல்ல" என்றாள். நான் என் அறை வாயிலில் நின்று அதைக் கேட்டேன். தொலைந்த கம்பியை ஏன் இவ்வளவு தேடுகிறார்கள் என்று எனக்கு விளங்கவில்லை. சொல்ல வாயெடுத்தபோது அவள், "மாமா, நீங்க உள்ள போய்ப் படுங்க. உங்களுக்கு மூச்சு வாங்குது" என்றாள். உள்ளே சென்றேன். அவளை அழைத்துச் சென்றார்கள்.

இன்று காலை வழிபாட்டில் அமர்ந்தேன். வீட்டுக்காரரின் கண்ணுக்காக வேண்டத் தொடங்கினேன். அவர் கண் பிழைத்தால் மருமகள் பிழைப்பாள் என்ற எண்ணம் ஊடே வந்துகொண்டே இருந்ததால், அது அவருக்கான வேண்டுதலாக இல்லை. நிறுத்திவிட்டு மறுபடி தொடங்கினேன். மூன்றாவது முறையும் அவ்வாறே ஆயிற்று. கண் திறந்தபோது சுடருக்கு மேலே அந்த முகம் தெரிந்தது. அதன் கீழே கம்பி தெரிந்தது. மகனைக் கூப்பிட்டு, புட்டியின் கழுத்தில் கட்டும் கம்பி எதற்கு என்று கேட்டேன். அவன் உறக்கமின்றி நின்றவன், "அதுதான்ப்பா கார்க்கை இறுக்கிப் பிடிச்சிட்டிருக்கும். அது இல்லன்னா எப்ப வேணாலும் பிச்சுக்கிட்டுப் போகும்" என்றான். சொல்லி முடித்த பிறகே அலமாரியைப் பார்த்தான். வடிவத்தைக் கீழே இறக்கி வைத்துவிட்டு, கம்பியை எடுத்துக்கொண்டு வந்தேன்.

கம்பியைக் கழற்றியதாக என் மருமகள் கொடுத்த வாக்குமூலம் பொய். புட்டியின் கழுத்தையும் என் முகத்தையும் பார்த்த அந்த ஒரு கணத்தில் அவள் எல்லாம் அறிந்துகொண்டாள். என்னைக் காக்கவே அவ்வாறு சொன்னாள். வழக்குப் பதிவானால் அவள் வேலை போய்விடும் என்பதும் அவளுக்குத் தெரியும். அவள் சொன்ன அந்த ஒரு பொய்யை அவள் மேல் குற்றமாக எழுத வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். வீட்டுக்காரரின் கண்ணில் போட்டுள்ள கட்டை நாளை அவிழ்ப்பார்கள் என்றும் அதுவரை பார்வை பற்றி எதுவும் சொல்ல இயலாது என்றும் மருத்துவர் கூறியதாக அறிகிறேன். என்னை எங்கே வைத்திருந்தாலும் அந்தச் செய்தி எனக்குத் தெரிவிக்கப்பட வேண்டும். அதற்கு முன் நான் அவருக்காக மட்டும் ஒழுங்காக ஒரு முறை வேண்டிக்கொள்ள வேண்டியிருக்கிறது.

இதில் உள்ளவை யாவும் நான் கண்டவையும் செய்தவையும். எவரும் சொல்லிக்கொடுத்தவை அல்ல. படித்துக் காட்டக் கேட்டேன். "மருமகள் கேட்டுக்கொண்டபடி கம்பியைக் கழற்றினேன்" என்று ஓரிடத்தில் எழுதப்பட்டிருந்ததை, "ஒருவரும் கேளாமல் நானே கழற்றினேன்" என்று திருத்தச் சொல்லி, திருத்திய பின் சரியென ஏற்றுக் கையொப்பமிடுகிறேன்.

(கையொப்பம்)

பதிவு செய்த அலுவலரின் குறிப்பு: மேற்படியார் ஒப்படைத்த பொருள், வட்டத் தகட்டுடன் கூடிய நான்கு கால் கம்பிக்கூடு ஒன்று. புட்டியின் கழுத்தோடு பொருத்திப் பார்க்கப்பட்டது, பொருந்துகிறது. தகட்டின் மேல் பூவிதழ் ஒன்று ஒட்டியிருந்தது. அது அகற்றப்படாமல் அப்படியே உறையிலிடப்பட்டது.