இடது பக்கத்து வெளிச்சம்

ஐயா, இந்த டியூப்லைட்டை அணைத்துவிட்டு ஜன்னலைத் திறந்து வைத்தால் உங்கள் முகம் இன்னும் நன்றாக இருக்கும். பழக்கதோஷம், தப்பாக நினைக்காதீர்கள்.

நான் கேமராமேன். கிர்க்கியில் வெடிமருந்துத் தொழிற்சாலை குவார்ட்டர்ஸில் வளர்ந்தவன். தொண்ணூற்று மூன்றில் இதே புனேயில் சினிமா படித்து முடித்தேன். என் படங்களில் வெளிச்சம் இடது பக்கமிருந்து மட்டுமே வரும். முகத்தின் மறுபாதி இருட்டில் கிடக்கும். அந்த இருட்டை யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை. பெயருக்கு ஆசைப்பட்டு அல்ல. பெயரெல்லாம் எனக்குத் தூசு.

பட்டாபிராமன் என் வகுப்புத் தோழன், என் படங்களுக்கெல்லாம் டைரக்டர். போன மாதம் எங்கள் புதுப் படத்தைப் போட்டுக் காட்டினான். என்னிடம் ஒரு வார்த்தை சொல்லாமல் கம்ப்யூட்டரில் இருட்டையெல்லாம் வெளுக்க வைத்திருந்தான். கேட்டேன்.

"ஜனங்களுக்கு மூஞ்சி தெரியணும்டா, பரமு. உனக்கு என்ன போச்சு?"

நான் சிரித்தேன்.

ஒரு ஷாட் பாக்கி இருந்தது. பிம்ப்ரியில் மூடிக்கிடக்கும் ஒரு ஷெட்டுக்கு நானும் அவனும் லைட்மேன் கலியனும் மதியமே போய்விட்டோம். ஜெனரேட்டரைப் போட்டுவிட்டுக் கலியன் டீ வாங்கக் கிளம்பினான். நடிகர் வருவதற்கு முன்னால் அவர் இடத்தில் யாரையாவது நிறுத்தித்தான் லைட் பார்ப்போம். நிற்பவர் அசையக் கூடாது. டைரக்டரானாலும் அதுதான் சட்டம். பட்டாபி நின்றான். வெளிச்சம் அளக்கும் மீட்டரை அவன் கன்னத்தருகே பிடித்து, கண்ணை மூடிக்கொள்ளச் சொன்னேன். மூடிக்கொண்டான்.

லைட் ஸ்டாண்டின் இரும்புக் குழாயால் அடித்தேன். முதல் அடியில் மண்டை பிளந்தது. முழங்காலிட்டு உட்கார்ந்து, "என்னடா?" என்று கேட்டான். அசையாதே என்றேன். மீதி அடிகளுக்கு அவன் எதுவும் கேட்கவில்லை.

பிறகு விளக்கை இடது பக்கம் கொஞ்சம் உயர்த்தி வைத்தேன். இத்தனை வருடம் சாயத்தையும் சிரப்பையும் கலக்கிக் கிடைக்காத நிறம் தரையில் ஓடியது.

கலியன் வந்தான். அதையும் ஷாட் என்றே நினைத்துவிட்டான், பாவம்.

"சார், மேக்கப் ஏக்தம் அசல். ஆனா ஒரு பக்கம் மூஞ்சியே தெரியல. தெர்மாகோல் வெக்கவா?"

வேண்டாம் என்றேன். கேட்காமல் வெள்ளை அட்டையைத் தூக்கி, வெளிச்சத்தை இருட்டுப் பக்கம் திருப்பினான். கண் இருந்த இடம் தெரிந்தது. அட்டையைப் பிடித்தபடியே குனிந்து பார்த்தான். அதை இறக்கு என்று மறுபடியும் சொன்னேன். அவனால் முடியவில்லை. குழாய் என் கையிலேயே இருந்தது.

அவனைத் தேடி விஷ்ராந்த்வாடியில் அவன் பெண்டாட்டி சரசாவை இனித் தொந்தரவு செய்ய வேண்டாம். ஷெட்டுக்குப் பின்னால் பழைய எண்ணெய்த் தொட்டி ஒன்று இருக்கிறது, அதைத் திறந்து பாருங்கள். கலியன் டைரக்டரை அடித்துவிட்டு ஓடிவிட்டான் என்று அன்றைக்கு உங்களுக்குப் போன் செய்தவன் நான்தான். விளக்கை மட்டும் அணைக்க மனம் வரவில்லை.

இன்று நானாக வந்தது மனச்சாட்சி உறுத்தியதால். காலைப் பேப்பரில் உங்கள் ஆள் எடுத்த படத்தைப் பார்த்தேன். நான் வைத்த விளக்கு அப்படியே இருக்கிறது, பாதி முகம் இருட்டில். கீழே 'லைட்மேன் கலியனின் வேலை' என்று போட்டிருக்கிறார்கள்.

அது என் வேலை, ஐயா. நாளைக்காவது பெயரை மாற்றிப் போடச் சொல்லுங்கள்.