ரோமாபுரிக்கு வந்த டெலிபோன்

இல்ல ஸலீம் நானா, மெஷின்ல பழுது ஒண்ணுமில்ல. ஸ்கிரீன் ஆடுதுன்னு தொரகிட்ட பொய்தான் சொன்னேன். அப்படிச் சொன்னாதானே பதுளையில இருந்து உங்கள வரச் சொல்லுவாரு. உக்காருங்க. பெரிய கிளாக்கர் சாப்பிடப் போயிருக்காரு, ரெண்டு மணிக்கு முன்னாடி வரமாட்டாரு. பிளேன்டீ ஊத்தச் சொல்லவா? சரி, வேணாம்னா விடுங்க.

இந்தக் கம்ப்யூட்டர்ல இருக்கிற ஒரு கேம அழிக்கணும். ஆமா, அதேதான், அந்தக் காலத்து ரோமாபுரி. நீங்க போட்டுக் குடுத்ததுதானே, மறந்துட்டீங்களா? ரெண்டாயிரத்து ஒண்ணுல இந்தக் கம்ப்யூட்டர கொண்டாந்து இறக்கினப்ப, சும்மா இருக்கிற நேரம் வெளையாடுங்க தனேஸ்வரன்னு சொல்லி நீங்களாத்தான் சீடிய போட்டு ஏத்திட்டுப் போனீங்க. சே சே, நானான்னா அண்ணன்தானே, உங்கள குத்தம் சொல்லல. குத்தம்னு ஒண்ணு இருந்தா அது உங்ககிட்ட வராது.

அழிக்க எனக்கே தெரியும் நானா. டிலீட் அமுக்கத் தெரியாதவனா நான்? என் கேள்வி வேற. வெளையாடி முடிஞ்சு சேவ் பண்ணினா தேதியும் மணியும் விழுதில்ல, அதுவும் சேந்து போயிருமா? போனதுக்கு அப்பறம் யாராச்சும் தோண்டி எடுக்க ஏலுமா? ஓஹோ. தெரிஞ்சவன் எடுப்பானா. சரி.

வியாழக்கெழம விசாரணைக்கு வாராங்க, அதான். பத்தாம் நம்பர் லயம் விஷயமாத்தான், வேற என்ன. வரும்போது பாத்திருப்பீங்களே, ரோட்டுல இருந்தே தெரியும், மல பொளந்து செக்கச்செவேல்னு கெடக்கும். அதுக்கு அடியிலதான் தோட்டத்து ஆளுங்க குடியிருந்த லயம் இருந்திச்சு. மூணு வீடு, ஏழு பேரு. இன்னையோட இருபத்திநாலு நாளு.

நீங்க ஏத்திட்டுப் போயிட்டீங்க, நான் அதுல விழுந்துட்டேன். ஏன்னு கேளுங்க. நான் லயத்துல பொறந்தவன். எங்கப்பா சாகுற வரைக்கும் தேயிலைக்குக் கவ்வாத்து வெட்டினாரு. ஒழுகுற தகரத்த மாத்தறதுக்கு இந்த ஆபிஸ் வாசல்ல வந்து எத்தன நாள் நின்னாருன்னு எனக்குத்தான் தெரியும். எங்க லயத்துலேருந்து ஆபிசுக்குள்ள வந்த மொத ஆளு நான். உள்ள வந்து என்ன, இன்னைக்கும் என்னால ஒரு ஆணி அடிக்க ஏலாது. ஆனா அந்த கேமுல நான்தான் தொர. தொரைக்கும் மேல, கவர்னரு. ரோட்டப் போடு, ஆளுங்க வந்து மொதல்ல கூடாரத்துல குந்துவாங்க. நம்ம பீலி மாதிரி ஒண்ணு கட்டி தண்ணி குடு, கூடாரம் குடிசையாகும். சந்த வை, கல்லு வீடாகும். பள்ளிக்கூடம் வை, மாடி எழும்பும். யாருகிட்டயும் போயி தலையச் சொறியத் தேவையில்ல. என் ஊர்ல ஒரு வீடும் ஒழுகல நானா. சிரிக்கிறீங்க. சிரிங்க, பரவாயில்ல.

அதுல இஞ்சினியர்னு ஒருத்தன் இருக்கான். கைய வீசிக்கிட்டு தெருத் தெருவா நடப்பான். அவன் காலு படாத தெருவுல வீடு இடிஞ்சு விழுந்திரும். அதனால நான் ஒவ்வொரு மூலைக்கும் ஒருத்தன வச்சிருந்தேன். நம்ம தோட்டத்துல லயத்தச் சுத்திப் பாக்கன்னு ஒரு மனுசன் வந்து நான் பாத்ததில்ல. மல மட்டும் அந்த கேமுல சரியாது. பச்சையா ஓரத்துல நிக்கும், அவ்வளவுதான்.

சரி, விஷயத்துக்கு வாரேன். அன்னைக்குச் சனிக்கெழம, அர நாளு. நாலு நாளா அடமழ. தொர கொழும்புக்குப் போயிட்டாரு, பெரிய கிளாக்கர் வீட்டுக்குப் போயிட்டாரு. நான் ஒத்தையா உக்காந்திருக்கேன். ரெண்டர மணி இருக்கும், ஊர்ல நெருப்புப் புடிச்சிருச்சு. இங்க இல்ல, இங்க எங்க அந்த மழையில. கேமுல. சந்தைக்குப் பக்கத்துல புடிச்சு வீடு வீடாத் தாவுது. அப்பதான் போன் அடிச்சிச்சு. டவுனுல ஏதோ ஆபிஸ், ஒரு சிங்கள நோனா பேசினாங்க. ஆபிஸ் பேரயும் சொன்னாங்க, காதுல ஏறல. லைன் வேற கரகரன்னுச்சு. ஒரு பட்டனத் தட்டினா கேமு அப்படியே நிக்கும், தெரியுமில்ல? நெருப்பும் நிக்கும், ஆளும் நிக்கும். தட்டல நானா. ஒரு கையில போனு, ஒரு கையில மௌஸு.

பத்தாம் நம்பர் லயத்துக்குப் பின்னால நாய யன்ன புளுவன்னு சிங்களத்துல சொன்னாங்க. மினிசுங்களுக்கு, அதான் ஆளுங்களுக்கு, சொல்லிருங்க, கவனம்னாங்க. இன்னும் என்னமோ சொன்னாங்க. நான் ஹரி நோனா, சரி நோனான்னு போன வச்சிட்டேன்.

சொன்னேன், சொல்லாம இருப்பேனா? உடனே மெசேஜ் புக்குல எழுதி கங்காணிகிட்ட குடுத்து அனுப்பினேன். அஞ்சு மணிக்குள்ள எல்லா வீட்டுக்கும் சொல்லியாச்சு. அதுல ஒரு கொறையும் சொல்ல ஏலாது.

பின்ன ஏன் ஒருத்தரும் வெளிய போகலன்னு நீங்களும் கேக்குறீங்க. வியாழக்கெழம அவங்களும் அதத்தான் கேப்பாங்க.

நீங்க மூணு பாஷையும் சுத்தமா பேசுறவரு, சொல்லுங்க. சிங்களத்துல நாயன்னா என்ன? ம், மண்ணு சரியிறது. நமக்கு கடவீதிச் சிங்களம்தானே, அந்தச் சொல்லு எனக்கு அன்னைக்குத் தெரியாது. எனக்குத் தெரிஞ்சது நயா. நயான்னா? அதான். நல்ல பாம்பு. நல்ல பாம்பு போகலாம், ஆளுங்க கவனம். மழைக்குப் பொந்துல தண்ணி ஏறினா பாம்பு வெளிய வரும்தானே, எனக்குச் சந்தேகமே வரல. பத்தாம் நம்பர் லயத்துக்குப் பின்னால பாம்பு நடமாட்டம், எல்லாரும் கவனமா இருக்கவும்னு அழகா எழுதி கையெழுத்தும் போட்டேன்.

பாம்புன்னா நம்ம ஆளுங்க என்ன செய்வாங்க? வெளிய நிக்கிறவனும் உள்ள போவான். பொந்து ஓட்டையெல்லாம் சாக்க வச்சு அடச்சாங்க. கதவடியில துணி திணிச்சாங்க. ஞாயித்துக்கெழம பகல்ல புள்ளைங்கள வாசல்ல எறங்க விடல. மூணு மணிக்கு மல வந்துச்சு. நல்லையான்னு ஒருத்தரு, கொழுந்து லொறியில மூட்ட ஏத்துறவரு, அரிசி வாங்க கடைக்குப் போயிருந்ததால தப்பிச்சாரு. சம்சாரம் பாக்கியலெட்சுமியும் ரெண்டு பொம்பளப் புள்ளைங்களும் உள்ள. மண்ண வெட்டி எடுக்கும்போது நானும் மண்வெட்டியோட நின்னேன். கதவு மட்டும் சாஞ்சு கெடந்திச்சு. அடியில திணிச்ச துணி அப்படியே இறுக்கமா இருந்திச்சு நானா.

புக்கு இருக்கு. கிழிக்கல. கையி போச்சு, ஆனா கிழிக்கல. லைன் சரியில்லன்னு சொல்லலாம், பாஷ புரியலன்னு சொல்லலாம், ரெண்டும் பொய்யில்ல. ஆனா நோனா, மறுபடி சொல்லுங்கன்னு ஒரு வார்த்த கேட்டிருக்கலாம். ஏன் கேக்கலன்னு இந்த மெஷினுக்குத்தான் தெரியும். போன் வந்த அதே சனிக்கெழம, ரெண்டு முப்பத்தெட்டு. நெருப்ப அணச்சிட்ட சந்தோஷத்துல சேவ் பண்ணியிருக்கேன்.

இந்தாங்க, மௌஸ புடிங்க. அழிக்கிறதும் அழிக்காததும் உங்க இஷ்டம், எனக்கு இப்ப ரெண்டும் ஒண்ணுதான். நேத்து நல்லையா வந்தாரு, முப்பதாம் நாள் காரியத்துக்கு லீவு கேக்க. எழுதிக் குடுத்தேன். வாசல் வரைக்கும் போனவரு திரும்பி வந்து கேட்டாரு, ஐயா, அந்தப் பாம்ப யாராச்சும் அடிச்சாங்களா, இல்ல இன்னும் அங்கதான் திரியுதான்னு.

அடிச்சாச்சு நல்லையா, பயப்படாதீங்கன்னு சொல்லி அனுப்பினேன்.