மூணை ரெண்டால வகுத்தா

— என் ஃபோனை எடுக்காத தம்பி, உங்கண்ணன்தான். ஒரு சின்ன ஆபரேஷன், அதுக்கு வார்டையே ரெண்டாக்குறாரு. நீ ஸ்க்ரீனைப் பாரு. இந்த வரியில 'டெசிமல்'னு நான் எழுதியிருந்தேனே, எங்க?

— நான்தான் எடுத்துட்டேன் அண்ணி. எல்லா வரியிலயும். இது முழு எண், இது டெசிமல்னு வரிக்கு வரி நாம ஏன் எழுதணும்? நாம எழுதறதை மெஷினுக்கு மாத்திக் குடுக்கற கம்பைலரே மதிப்பைப் பார்த்துக் கண்டுபிடிச்சுக்கும். ப்ரோகிராம் பாதியாச்சு, படிக்கவும் நல்லாருக்கு.

— நல்லாத்தான் இருக்கு.

— அப்புறம் என்ன? எண் இருக்கவேண்டிய இடத்துல பேரைப் போட்டா இப்பவும் கையைப் பிடிச்சு நிறுத்தும். காவல் போகலை, எழுதற வேலைதான் போச்சு.

— இது ஆள் உடம்புல மருந்து ஏத்தற பம்பு தம்பி. வழக்கமான அளவு என்னன்னு வெச்சிருக்கோம்?

— மூணு மில்லி. ரெண்டு மணி நேரத்துக்கு.

— அப்போ மணிக்கு, மூணை ரெண்டால வகுத்தா?

— ஒண்ணரை.

— ஓட்டிப் பாரு.

— ஒண்ணுன்னு வருது. ஏன் அண்ணி ஒண்ணு வருது?

— வெறும் மூணுன்னு இருக்கு. பார்த்த உடனே முழு எண்ணுன்னு முடிவு கட்டிடுச்சு. முழு எண்ணை முழு எண்ணால வகுத்தா அரையைத் தூக்கிப் போட்டுடும். அதுக்குத்தான் மெனக்கெட்டு எழுதி வெச்சேன்.

— கம்பைலர் ஒரு வார்த்தை சொல்லலையே.

— என்னன்னு சொல்லும்? நீ எழுதினது அதுக்குப் புரிஞ்சுது. நீ நினைச்சது அதுக்கு எப்படித் தெரியும்?

— டெஸ்ட் எல்லாம் பாஸாச்சு அண்ணி, சத்தியமா. நாலை ரெண்டால, எட்டை ரெண்டால... ஐயோ. எல்லாமே இரட்டைப்படை.

— தண்ணியைக் குடி.

— நீங்க பார்த்துதானே சரின்னீங்க?

— நீ ஓட்டிப் பார்த்திருப்பேன்னு மேலாக்கப் பார்த்தேன்.

— நீங்க பார்ப்பீங்கன்னு நான் அனுப்பிட்டேன்.

— யார் தலையை உருட்டறதுன்னு அப்புறம் பேசலாம். இந்த ப்ரோகிராம் பம்புக்கெல்லாம் போயிடுச்சா?

— நேத்து சாயங்காலமே. ஒரே ஒரு ஆஸ்பத்திரிக்குத்தான். அதுலயும் வலி மருந்து பம்புக்கு மட்டும்.

— எந்த ஆஸ்பத்திரி?

— நம்ம பம்பு இருக்கற இடம்னு அண்ணனை அங்கதானே சேர்த்தீங்க.

— நீ வார்டுக்கு ஃபோன் போடு. பம்பை நிறுத்திட்டு டாக்டரை வரச் சொல்லு. என் ஃபோனை எங்கிட்ட குடு. வலி தாங்கலைன்னு ராத்திரியிலேர்ந்து கூப்பிடறாருடா. மெஷின் சரியாத்தான் ஏத்தும், நீங்கதான் நடிக்கிறீங்கன்னு சொல்லி வெச்சுட்டேன்.