தோற்ற அணியின் பனியன்

பழவேற்காட்டிலிருந்து மீஞ்சூர் போகும் பஸ்ஸில், எனக்கு முன்சீட்டில் மீனவர் ஒருவர். அமெரிக்கக் கல்லூரி அணி ஒன்று கால்பந்துக் கோப்பையை வென்றதாக அவர் பனியனில் எழுதியிருந்தது. அவர் பக்கத்தில் உட்கார்ந்திருந்த இளைஞன் அதைப் படித்தான்.

“அண்ணே, இந்த டீம் பைனல்ல தோத்துப்போச்சு. என் மச்சான் அங்கதான் படிக்கிறான்.”

“ஜெயிச்சதுன்னு போட்டுகீதே?”

“மேட்சுக்கு முன்னாடியே ரெண்டு டீமும் ஜெயிச்சதா பனியன் அடிச்சிடுவாங்க. தோத்தவங்களோடத வெளிநாட்டுக்குத் தள்ளிவுட்ருவாங்க.”

“எனக்கும் அப்படித்தான் முன்னாடியே அடிச்சாங்க. புயல்ல மாட்டி ஆறு நாள் கழிச்சி வந்தேன். தெருமுனையில எனக்குக் கண்ணீர் அஞ்சலி பேனர்.”

“கிழிச்சிப் போடலையா?”

“பொண்டாட்டி வுடல. பேனர்ல தப்பு இல்லியாம், வந்தவன்தான் வேறயாம்.”